எழுத்து, நடிப்பு, இயக்கம் எல்லாம் ஒருவரே: டெல்டாவில் இருந்தபடி படம் எடுத்து வாழ முடியுமா?

மன்னார்குடிப் பக்கத்துத் தம்பி ஒருவர் கேட்டிருக்கிறார். கோயில் திருவிழா மேடைகளில் பலகுரலும் நகைச்சுவையும் செய்து வருகிறார். இனி தானே கதை எழுதி, நடித்து, இயக்கி, படத்தொகுப்பும் செய்து சிறிய செலவில் படங்கள் எடுக்க வேண்டும், அதையே தொழிலாக வைத்துக்கொள்ள வேண்டும் என்பது அவர் எண்ணம். எல்லா வேலையையும் ஒருவரே செய்வது சரியா, இதில் குடும்பம் நடத்த முடியுமா, சென்னைக்குப் போய்த்தான் ஆக வேண்டுமா என்பவை அவருடைய கேள்விகள். சிறு படங்களின் தயாரிப்பு நிர்வாகத்தில் வெகுகாலம் இருந்தவன் என்ற முறையில் எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.

முடியும் தம்பி. ஆனால் ஒரு நிபந்தனை உண்டு. எல்லா வேலையும் உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். அவற்றில் எந்த இரண்டைப் பிறர் கையில் கொடுப்பது என்பதைப் படப்பிடிப்புக்கு முன்பே முடிவு செய்துவிட வேண்டும். நான் பார்த்தவரை அந்த இரண்டும் படத்தொகுப்பும் ஒலியும்தான். மற்ற சுமைகளை நீங்கள் தாராளமாகச் சுமக்கலாம்.

சிறு படத்தில் பணம் எங்கே போகிறது என்று கேட்டால் பலரும் கேமராவைக் காட்டுவார்கள். கேமரா வாடகை இன்று பெரிய சுமை இல்லை. தலைக்கணக்குதான் சுமை. ஓர் ஆள் கூடினால் சம்பளம் மட்டும் கூடுவதில்லை. மூன்று வேளைச் சாப்பாடு, படுக்க இடம், வேனில் ஓர் இருக்கை, பேட்டா எல்லாம் சேர்ந்து கூடும். படப்பிடிப்பு ஒரு நாள் நீண்டால் அத்தனை பேருக்கும் அத்தனையும் மறுபடி செலவு. எழுதியவரே நடிகராகவும் இயக்குநராகவும் இருந்தால் கதாநாயகனின் தேதிக்குக் காத்திருக்க வேண்டியதில்லை, மழை வந்தால் அங்கேயே காட்சியை மாற்றி எழுதிக்கொள்ளலாம். ஒருவரே பல வேலை செய்வதன் பலன் இதுதான். டைட்டிலில் ஒரே பெயர் எட்டு முறை வருவது பலன் அல்ல.

இதை நன்றாகப் புரிந்துகொண்டவர் அமெரிக்க இயக்குநர் ராபர்ட் ரோட்ரிகஸ். 1992-இல் வெளியான ‘எல் மரியாச்சி’ படத்தைச் சுமார் 7,000 டாலரில் எடுத்தவர். மருந்து ஆய்வுக்குத் தன் உடலைக் கொடுத்துக் கிடைத்த பணமும் அதில் சேர்த்தி. எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு என எல்லாம் அவரே. கதாநாயகனாக நடித்த நண்பரின் ஊரில் என்னென்ன சும்மா கிடைக்கும் என்று முதலில் கணக்கெடுத்துவிட்டு, அதன்பிறகு கதை எழுதினார். ஒரு பஸ் கிடைத்தது, கதையில் பஸ் வந்தது. ஒரு நாய் இருந்தது, நாயும் வந்தது. கேமராவை நகர்த்தச் சக்கர நாற்காலி. கேமரா சத்தம் போடும் ரகம் என்பதால் ஒவ்வொரு ஷாட் முடிந்ததும் அதே இடத்தில் நடிகர்களை மறுபடி வசனம் பேசவைத்து டேப்பில் பதிந்துகொண்டார். உதடும் பேச்சும் விலகிய இடங்களில் வேறு ஷாட்டுக்குத் தாவினார். படத்தின் வேகமே அதனால் வந்தது. ஒன்றை மட்டும் மறக்க வேண்டாம். கொலம்பியா என்ற ஹாலிவுட் நிறுவனம் படத்தை வாங்கிய பிறகு, தியேட்டருக்குத் தயார்படுத்துவதற்கே எடுத்த செலவைப்போலப் பல மடங்கு செலவழித்தது. 7,000 டாலர் கதையைச் சொல்பவர்கள் இந்தப் பகுதியை விட்டுவிடுகிறார்கள்.

நகைச்சுவைக்காரராகிய உங்களுக்கு இன்னும் நெருக்கமானவர் இன்னோர் அமெரிக்க இயக்குநரான கெவின் ஸ்மித். தான் வேலை பார்த்த பலசரக்குக் கடையிலேயே, கடை மூடிய பிறகு இரவில் ‘கிளர்க்ஸ்’ படத்தை எடுத்தார். 1994-இல் வெளியானது, செலவு சுமார் 27,000 டாலர். எழுதி, இயக்கி, அதிகம் பேசாத ஒரு வேடத்திலும் நடித்தார். கதை நடப்பது பகலில், படப்பிடிப்போ இரவில். ஆகவே கடையின் இரும்புக் கதவைத் திறந்து காட்ட முடியாது. பூட்டில் யாரோ சூயிங்கம் திணித்துவிட்டார்கள், கதவு திறக்கவில்லை, கடை மட்டும் திறந்திருக்கிறது என்று கதையிலேயே ஒரு நகைச்சுவையாக அதை வைத்துவிட்டார். கையில் காசு இல்லாத குறையைக் கதைக்குள்ளேயே தீர்ப்பதற்கு இதைவிடத் தெளிவான பாடம் எனக்குத் தெரியாது. எழுதுபவரும் எடுப்பவரும் ஒருவராக இருந்ததால்தான் அது நடந்தது.

அமெரிக்காவை விடுங்கள், நம் பக்கத்துக்கே வருவோம். டி. ராஜேந்தர் மாயவரத்துக்காரர். 1980-இல் வந்த ‘ஒரு தலை ராகம்’ புதுமுகங்களை வைத்து, பெரிய நட்சத்திரம் எவரும் இல்லாமல், மாயவரம் வட்டாரத்தில் எடுக்கப்பட்ட கல்லூரிக் காதல் கதை. கதை, பாடல்கள், அவற்றின் இசை எல்லாம் ராஜேந்தருடையவை. இயக்கம் என்ற இடத்தில் வந்தது தயாரிப்பாளர் இ.எம். இப்ராகிம் பெயர். படம் பெரும் வெற்றி பெற்றது. அதற்குப் பிறகு ராஜேந்தர் தன் படங்களில் கதை, வசனம், பாடல், இசை, ஒளிப்பதிவு, இயக்கம் என்று ஒவ்வொன்றையும் தன் பெயரிலேயே வைத்துக்கொண்டதற்குப் பின்னால் இந்த முதல் அனுபவமும் இருந்திருக்கும் என்பது என் எண்ணம். உங்களுக்கு இதில் இருப்பது நடைமுறைச் செய்தி. பணம் போடுபவர் சித்தப்பாவாக இருந்தாலும் யாருக்கு எந்தப் பெயர், யாருக்கு எந்த உரிமை என்று முத்திரைத்தாளில் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள்.

நன்னிலம் பக்கத்து நல்லமாங்குடியில் 1930-இல் பிறந்த கே. பாலசந்தர் வேறு வழியைக் காட்டினார். கணக்காயர் அலுவலகத்தில் வேலை பார்த்துக்கொண்டே நாடகம் போட்டவர். முதலில் இயக்கிய ‘நீர்க்குமிழி’ (1965), மேடையில் ஏற்கெனவே நடந்து தேறிய அவருடைய நாடகம்தான். நாகேஷ் பிரதான வேடம், பெரும்பாலும் மருத்துவமனைக்குள் நடக்கும் கதை. எந்த வரிக்குச் சிரிப்பு வரும், எந்த இடத்தில் கூட்டம் நெளியும் என்பதெல்லாம் ஒரு அடி பிலிம் ஓடுவதற்கு முன்பே அவருக்குத் தெரிந்திருக்கும். உங்களிடமும் மேடை இருக்கிறது. காரைக்கால் பக்கத்துத் திருமலைராயன்பட்டினத்துக்காரரான நகைச்சுவை நடிகர் கே.ஏ. தங்கவேலு திரையில் உச்சத்தில் இருந்தபோதும் நாடக மேடையை விடவில்லை. மெலட்டூரில் நடக்கும் பாகவத மேளா என்ற நாட்டிய நாடகத்தில் இன்றும் முதலில் மேடைக்கு வருபவர் கோமாளியான கோணங்கிதான். சிரிப்பு மூட்டுபவன் முதலில் வந்து கூட்டத்தைத் தன்வசப்படுத்துவது இந்த மண்ணில் பழைய வழக்கம். திரைக்கதையின் நகைச்சுவைப் பகுதிகளை வரும் பங்குனி, சித்திரைத் திருவிழாக்களில் துண்டு துண்டாக மேடையேற்றிப் பாருங்கள். ஒரே துணுக்கு வலங்கைமானில் எடுபட்டு வேதாரண்யத்தில் எடுபடாமல் போகலாம். இரண்டு இடத்திலும் எடுபட்டதை மட்டும் படத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

இனி நான் முதலில் சொன்ன நிபந்தனை. நடிப்பவர் ஏன் தன் படத்தைத் தானே வெட்டக்கூடாது என்பதைக் கும்பகோணத்தில் ஒரு சிறு படத்தின் வேலையில் கண்ணால் பார்த்தேன். எழுதி இயக்கி நடித்தவர் உங்களைப்போல மேடைக் கலைஞர். ஒரு காட்சியில் அவர் ஒரு பாட்டியிடம் கைமாற்றுக் கேட்க வேண்டும். நேராகக் கேட்காமல் ஐந்து நடிகர்களின் குரலில் மாறி மாறிக் கேட்கிறார். பாட்டியாக உட்கார்ந்திருந்தவர் அந்தத் தெருக்காரர், அதற்கு முன் நடித்ததே இல்லை. முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தார். இவர் குரல் மாற்றி முடித்ததும் பாட்டி ஒரு முறை நிமிர்ந்து பார்த்தார். அரிசியிலிருந்து ஒரு கல்லைப் பொறுக்கி வாசலில் எறிந்துவிட்டு மறுபடி புடைக்கத் தொடங்கினார். யாரும் சொல்லிக்கொடுத்து அவர் செய்ததில்லை.

கல்யாண வீடியோ வெட்டிக்கொண்டிருந்த ஒரு பெண்தான் படத்தொகுப்பு. அந்தப் பார்வையையும் கல் எறிவதையும் முழுதாக விட்டுவைத்து, பலகுரலைப் பாதியாகக் குறைத்திருந்தார். நடித்தவருக்குக் கோபம். ஓர் இரவு முழுக்க எடுத்த காட்சி, ஐந்து குரலும் வேண்டும், பாட்டியின் ஷாட் இழுக்கிறது என்று வாதாடினார். கடைசியில் ஒரு மண்டபத்தின் சாப்பாட்டுக் கூடத்தில் திரை கட்டி, தெரிந்தவர்கள், தெரியாதவர்கள் எனக் கொஞ்சம் பேரை உட்காரவைத்து இரண்டு வடிவத்தையும் போட்டுக் காட்டினோம். நீண்ட வடிவத்தில் மூன்றாம் குரலுக்கே பலர் கைபேசியைப் பார்க்கத் தொடங்கினார்கள். குறைத்த வடிவத்தில் பாட்டி கல்லை எறிந்தபோது கூடம் முழுவதும் சிரித்தது. பந்தி விசாரிக்க நின்றவர்கள்கூடச் சிரித்தார்கள். அவர் மறுபேச்சில்லாமல் ஒத்துக்கொண்டார். நல்ல கலைஞர் அவர், குறையாகச் சொல்லவில்லை. தான் பட்ட பாட்டை மறந்துவிட்டுப் பார்க்கும் கண் எடுத்தவருக்கு உடனே வராது. சிரிப்பு பல நேரம் வேடிக்கை செய்பவன் முகத்தில் இருப்பதில்லை, அதைப் பார்ப்பவர் முகத்தில் இருக்கிறது. அதைக் கண்டுபிடித்து வைக்க நடிகர் அல்லாத ஒருவர் வேண்டும்.

இதன் தொடர்ச்சிதான் படப்பிடிப்புத் தளத்தில் மானிட்டரைப் பார்ப்பவர். நீங்கள் கேமராவின் முன்னால் நிற்கும்போது ‘இன்னொரு முறை போகலாம்’ என்று தயங்காமல் சொல்லக்கூடிய ஒரு துணை இயக்குநர் அவசியம். உங்களை அண்ணன் என்று அழைத்தாலும் உங்களுக்குப் பயப்படாதவராக இருக்க வேண்டும். அவருக்குக் கொடுக்கும் சம்பளத்தில் மட்டும் சிக்கனம் பிடிக்காதீர்கள்.

அடுத்தது ஒலி. படம் கொஞ்சம் இருட்டாக இருந்தால் மக்கள் பொறுத்துக்கொள்வார்கள். வசனம் காதில் விழாவிட்டால் நகைச்சுவையே இல்லை. ஊர்க்காரர்களை நடிக்கவைத்துப் பிறகு டப்பிங் பேசவைக்கலாம் என்று நினைப்பீர்கள். வயலில் இயல்பாகப் பேசிய பெரியவர் கண்ணாடி அறைக்குள் மைக் முன்னால் நின்றதும் பாடம் ஒப்பிப்பதைப்போலப் பேசுவார். வேறொருவர் குரலைப் போட்டால் தஞ்சாவூர்ப் பேச்சின் இழுவை போய்விடும். ஆகவே நேரடி ஒலிப்பதிவுக்குப் போங்கள்; அதற்கென்று ஓர் ஆளையும் நல்ல மைக்குகளையும் வாடகைக்குக் கொண்டுவாருங்கள். இடம் பார்க்கப் போகும்போது கண்ணை மூடிக்கொண்டு கொஞ்ச நேரம் நில்லுங்கள். பம்புசெட், அறுவடை இயந்திரம், மயில், அடுத்த தெரு ஒலிபெருக்கி எல்லாம் அப்போதுதான் தெரியும். ஆடியிலும் மார்கழி விடியற்காலையிலும் எங்கள் பக்கத்துக் கிராமங்களில் ஒலிபெருக்கி இல்லாத திசையைத் தேடித்தான் பிடிக்க வேண்டும்.

டெல்டாவில் எடுப்பவர்களை நான் மறுபடி மறுபடி எச்சரிக்கும் ஒன்று இருக்கிறது. பணம் வரவர எடுக்கலாம் என்று படப்பிடிப்பைப் பல மாதங்களுக்குப் பரப்பாதீர்கள். கிறிஸ்டோபர் நோலன் தன் முதல் படமான ‘ஃபாலோயிங்’கை (1998) சனிக்கிழமைகளில் மட்டும் எடுத்து ஏறத்தாழ ஓராண்டில் முடித்தார். லண்டன் அறைகளுக்குள் அது நடக்கும். நெல் வயலில் நடக்காது. ஐப்பசியில் நீங்கள் வரப்பில் நின்று பேசும்போது பயிர் முழங்காலுக்குக் கீழே இருக்கும். எதிரில் நிற்பவரின் ஷாட்டை மார்கழியில் எடுத்தால் அவர் பின்னால் கதிர் வந்திருக்கும். தை கடைசியில் போனால் வெறும் தாள்தான். ஒரே உரையாடலுக்குள் மூன்று பருவம் வந்துவிடும். வயல் தெரியும் காட்சிகளை எல்லாம் ஒரே மூச்சில் முடியுங்கள், வீட்டுக்குள் நடப்பவற்றைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

மேடை வேலையும் உங்களுக்கு இருப்பதால் காலண்டரை வைத்துக் கணக்குப் போட வேண்டும். பங்குனி முதல் ஆடி வரை திருவிழாக்கள், அந்த மாதங்களில்தான் உங்கள் வருமானம். மேட்டூர் வழக்கப்படி ஜூன் 12-இல் திறந்தால் ஆவணி, புரட்டாசியில் வாய்க்காலில் தண்ணீர் ஓடும், நாற்றங்காலும் நடவும் பச்சையாக இருக்கும், வடகிழக்குப் பருவமழை தொடங்கியிருக்காது. உங்களுக்கு உகந்த முதல் காலம் அதுதான். அதைத் தவறவிட்டால் பொங்கல் முடிந்த பிறகு மாசி வரை. ஆடியிலும் மார்கழியிலும் கல்யாணங்கள் இல்லாததால் நாகஸ்வர, தவில் கலைஞர்களுக்கு ஓய்வு கிடைக்கும். பின்னணி இசைக்கு அவர்களை அப்போது அழைத்து நேரடியாக வாசிக்கவைத்துப் பதிந்துகொள்ளுங்கள். மேடையில் பழகிய சினிமாப் பாடல்களை உரிமை வாங்காமல் படத்தில் வைக்கக் கூடாது. தணிக்கையில் தப்பினாலும் இணையத்தில் உரிமையாளர் வந்து நிற்பார்.

கிராமத்துப் படம் என்றால் ஆடு, மாடு, வாத்துக் கூட்டம் என்று மனம் போகும். விலங்குகளை நடிக்கவைப்பதற்கு இந்திய விலங்குகள் நல வாரியத்தின் முன் அனுமதி வேண்டும். எடுத்து முடித்துவிட்டுக் கேட்டால் சிக்கல். அந்தக் கடிதம் இல்லாமல் தணிக்கைச் சான்றிதழ் நகராது. பீடி பிடிக்கும் காட்சி இருந்தால் எச்சரிக்கை வாசகமும் படத்தின் தொடக்கத்திலும் நடுவிலும் விழிப்புணர்வுக் காட்சியும் சேர்க்க வேண்டும். கதைக்கு இன்றியமையாததா என்று எழுதும்போதே பார்த்து, இல்லையென்றால் எடுத்துவிடுங்கள்.

பணத்துக்கு வருகிறேன். சிறு படக்காரர்கள் வீழ்வது படம் எடுக்கும்போது இல்லை, வெளியிடும்போது. எடுப்பதற்கு இருந்ததை எல்லாம் செலவழித்துவிட்டு, வெளியீட்டுக்கு வட்டிக்கு வாங்குகிறார்கள். டிஜிட்டல் திரையிடலுக்கு ஒவ்வொரு தியேட்டருக்கும் கட்டணம் உண்டு. அந்தக் கட்டணப் பிரச்சினைக்காகத் தயாரிப்பாளர்கள் 2018 மார்ச்சில் தொடங்கி ஒரு மாதத்துக்கும் மேலாகப் புதிய தமிழ்ப் படங்களையே நிறுத்திவைத்தார்கள் என்றால் அதன் கனம் புரியும். சுவரொட்டிக்கும் விளம்பரத்துக்கும் தனிச் செலவு. வெள்ளிக்கிழமை வந்த படத்துக்குத் திங்கட்கிழமை காட்சி இருக்குமா என்பது உறுதியில்லை. கையில் உள்ள பணத்தில் பாதியைத் தொடாமல் வெளியீட்டுக்கு ஒதுக்கிவிட்டு, மீதிப் பாதியில் எடுக்க முடிகிற கதையை எழுதுங்கள். நிலத்தையோ வீட்டையோ அடகு வைக்காதீர்கள். இதை மிகுந்த வருத்தத்தோடு, பல குடும்பங்களைப் பார்த்தபின் சொல்கிறேன். ஓடிடி நிறுவனங்கள் வாங்கிக்கொள்ளும் என்ற நம்பிக்கையில் கணக்குப் போடவே கூடாது. அறிமுகமில்லாத முகங்கள் நடித்த படத்துக்கு முன்பணம் தருவது அபூர்வம், பார்த்தவர் எண்ணிக்கைக்கு ஏற்பப் பங்கு என்றுதான் பேச்சு வரும்.

முழுநீளப் படத்தை மட்டும் நம்பிக் குடும்பம் நடத்த முடியாது என்பதையும் நேராகச் சொல்லிவிடுகிறேன். மேடை உங்கள் அடிப்படை வருமானம். வாரம் ஒன்று என்று யூடியூபில் போடும் குறும்படம் உங்கள் பயிற்சிக்கூடம்; இணையத்தில் மட்டும் வெளியிட்டால் தணிக்கைச் சான்றிதழ் தேவையில்லை. உள்ளூர் நகைக்கடை, ஜவுளிக்கடை விளம்பரங்கள் மேல்வருமானம். இவற்றில் பழகிய அதே ஐந்தாறு பேர் உங்கள் படத்தின் குழுவாகவும் இருப்பார்கள். இரண்டு, மூன்று ஆண்டுக்கு ஒரு படம் என்று வைத்துக்கொண்டால் இது தாக்குப்பிடிக்கும். 2005-இல் ‘கலக்கப்போவது யாரு’ தொடங்கிய பிறகு பலகுரல் கலைஞர்கள் பலருக்குத் தொலைக்காட்சி வழி திறந்தது. கலைஞர் தொலைக்காட்சியின் ‘நாளைய இயக்குநர்’ மேடையிலிருந்து கார்த்திக் சுப்புராஜ், நலன் குமாரசாமி போன்றவர்கள் குறும்படம் காட்டித்தான் வந்தார்கள். சிறியதைச் செய்து காட்டியவருக்குப் பெரியது வந்திருக்கிறது.

கேலிக்கும் தயாராக இருங்கள். கேரளத்தில் சந்தோஷ் பண்டிட் 2011-இல் ‘கிருஷ்ணனும் ராதையும்’ படத்தில் நடிப்பு, இயக்கம், இசை உட்படப் பெரும்பாலான வேலைகளைத் தானே செய்தார். கூட்டம் வந்தது, கேலி செய்யவே வந்தவர்கள் அதில் பலர். அவர் தளராமல் தொடர்ந்து படம் எடுத்தார். அந்த நெஞ்சுரத்தை நான் மதிக்கிறேன். ஆனால் நகைச்சுவைக் கலைஞருக்கு அந்தச் சிரிப்பு போதாது. நீங்கள் நினைத்த இடத்தில் நினைத்த காரணத்துக்காகச் சிரித்தார்களா என்பதுதான் உங்கள் அளவுகோல். மேலே சொன்ன மண்டபத் திரையிடல் போல ஒன்றை வெளியீட்டுக்கு முன் கட்டாயம் நடத்துங்கள். கடைசி வரிசையில் நின்று திரையைப் பார்க்காமல் பார்வையாளர்களைப் பாருங்கள்.

சென்னைக்குப் போக வேண்டுமா என்றால், சில வேலைகளுக்கு மட்டும். தலைப்பைப் பதிவு செய்ய, இறுதி ஒலிக்கலவை செய்ய, தணிக்கைக் குழுவுக்குப் படத்தைப் போட்டுக் காட்ட. தணிக்கை விண்ணப்பம் இணையத்திலேயே போகிறது. 2024 முதல் யு/ஏ சான்றிதழ் 7, 13, 16 வயது எனப் பிரிக்கப்பட்டிருப்பதால், குடும்பத்தோடு பார்க்கும் படம் என்றால் எந்தப் பிரிவுக்கு எழுதுகிறோம் என்பதை வசனம் எழுதும்போதே மனத்தில் வையுங்கள். அறை எடுத்துத் தங்கி வாய்ப்புத் தேடும் செலவில் மன்னார்குடியில் ஒரு குறும்படமே எடுத்துவிடலாம். உங்கள் ஆட்கள், உங்கள் வயல், உங்களைத் தெரிந்த கூட்டம் எல்லாம் அங்கேதான் இருக்கின்றன. இந்தப் பங்குனியில் இரண்டு மூன்று துணுக்குகளை மேடையேற்றிவிட்டு, எது எடுபட்டது என்று எழுதுங்கள். அதை வைத்துத் திரைக்கதையைப் பற்றி மேலும் பேசலாம்.